கிரே ஸ்ட்ரீட் ரெக்கார்டு கடையும் பிரெண்டா ஃபாஸி அலமாரியும்

டர்பனுக்குப் புதிதாக வந்த தமிழ்க் குடும்பங்கள் ஏதாவது ஒரு கல்யாண வீட்டிலோ மினிபஸ் டாக்சியிலோ தென்னாப்பிரிக்கப் பாடகி பிரெண்டா ஃபாஸியின் குரலைக் கேட்டுவிட்டு, யார் இந்தப் பெண், எங்கே கிடைக்கும் இந்தப் பாட்டு என்று கேட்கிறார்கள். அவர்களுக்கெல்லாம் நான் சொல்வது ஒரே இடம்தான், கிரே ஸ்ட்ரீட் பக்கத்தில் ஒரு ஆர்கேடுக்குள் இருக்கிற பழைய ரெக்கார்டு கடை. கிரே ஸ்ட்ரீட்டுக்கு இப்போது டாக்டர் யூசுஃப் தாதூ ஸ்ட்ரீட் என்று பெயர், ஆனால் ஊரில் பாதிப் பேர் இன்னும் பழைய பெயரைத்தான் சொல்கிறார்கள். கடைக்குப் பெயர்ப் பலகை கிடையாது. சேலைக்கடைகளைத் தாண்டி உள்ளே போய், தையல் மெஷின் சத்தம் கேட்கிற இடத்தில் நின்று "ரெக்கார்டு அங்கிள் கடை எது?" என்று கேட்டால் யாரும் கை காட்டுவார்கள்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிரெண்டா ஃபாஸிக்காகப் போகிறீர்கள் என்றால் இந்தக் கடைக்கு ஐந்துக்கு ஐந்து கொடுப்பேன். தமிழ் ரெக்கார்டுக்காகப் போகிறீர்கள் என்றால் இரண்டுக்கு மேல் கொடுக்க மாட்டேன். ஏன் என்று கீழே வருகிறது.

கடைக்காரருக்கு எழுபது வயது தாண்டியிருக்கும். கரும்புத் தோட்டத்துக்கு வந்த குடும்பத்தில் பிறந்தவர், ஆயாவிடம் கேட்டுக் கற்ற தமிழை விடாமல் வைத்திருக்கிறார். பிரெண்டா அலமாரியைப் பார்த்துக்கொள்வது அவரில்லை, கறுப்பர் குடியிருப்பான உம்லாசியிலிருந்து வந்து வேலை பார்க்கும் ஒரு அம்மா. எல்லோரும் அவரை "மா" என்றுதான் கூப்பிடுகிறார்கள், நானும் அப்படித்தான். இந்த அம்மா ரெக்கார்டு, கேசட், சிடி எல்லாவற்றையும் ஒன்றாகக் கலந்து, வெளிவந்த வருஷப்படி அடுக்கி வைத்திருக்கிறார். கேட்க ரொம்பச் சாதாரணமாகத்தான் இருக்கும். ஆனால் நான் பார்த்த மற்றக் கடைகளில் எல்லாம் பிரெண்டா என்றால் தேர்ந்தெடுத்த பாட்டுத் தொகுப்பு சிடிதான் குவிந்து கிடக்கும், அதில் 1983ஆம் வருஷப் பாட்டுக்குப் பக்கத்தில் 1998ஆம் வருஷப் பாட்டு, எந்த வருஷம் என்று எங்கேயும் போட்டிருக்காது, ஒரு பத்தொன்பது வயதுப் பெண்ணும் வாழ்க்கையில் அடிபட்டு எழுந்த ஒரு தாயும் ஒரே குரலில் பாடுகிற மாதிரி நமக்குத் தோன்றிவிடும். போனில் கேட்டாலும் அதே கதைதான்.

"தம்பி, மொதல்ல 83 கேளு, அப்புறம் 89, அப்புறம்தான் 98. வரிசை மாத்திக் கேட்டா அந்தப் பொண்ணு புரியாது." முதல் தடவை போனபோது அங்கிள் இதைச் சொல்லிவிட்டு, மூலையில் இருக்கும் டர்ன்டேபிளுக்குப் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டார். வாங்கினாலும் வாங்காவிட்டாலும் உட்கார்ந்து கேட்கலாம்.

சரி, யார் இந்தப் பெண்? கேப் டவுனின் கறுப்பர் குடியிருப்பான லாங்காவில் 1964 நவம்பர் 3ஆம் தேதி பிறந்தவர், ஒன்பது பிள்ளைகளில் கடைக்குட்டி. அமெரிக்கப் பாடகி பிரெண்டா லீயின் பெயரைத்தான் வைத்தார்கள். இரண்டு வயதில் அப்பா இறந்துவிட்டார். அம்மா பியானோ வாசிப்பார், பிள்ளை பாடும், சுற்றுலா வந்தவர்கள் காசு கொடுப்பார்கள். பதினாறு வயதில் கொலோய் லெபோனா என்ற தயாரிப்பாளர் குரலைக் கேட்டுவிட்டு ஜொஹானஸ்பர்க் பக்கம் சொவெட்டோவுக்கு அழைத்துக்கொண்டு போனார், தன் குடும்பத்தோடேயே தங்க வைத்தார். ஜாய் என்ற பெண்கள் குழுவில் ஒருவர் பிரசவ விடுப்பில் போக, அந்த இடத்தில் நின்று பாடினார் பிரெண்டா. அதற்குப் பிறகு பிக் டூட்ஸ் குழு அமைந்தது, நடுவில் மைக்கோடு நின்றது இவர்.

அலமாரியில் முதலில் இருப்பது 1983இல் வந்த "வீக்கெண்ட் ஸ்பெஷல்", பன்னிரண்டு அங்குல மேக்சி சிங்கிள். வார நாளெல்லாம் எட்டிப் பார்க்காமல் சனி ஞாயிறு மட்டும் வந்து போகிற காதலனிடம், நான் உனக்கு வாரக் கடைசிக்கு மட்டும்தானா என்று கேட்கிற பாட்டு. இதைப் போனில் கேட்டுவிட்டு, ஏதோ எண்பதுகளின் டிஸ்கோ என்று தள்ளிவிடாதீர்கள். எல்பியில் ஒரு பக்கத்துக்கு நாலைந்து பாட்டை நெருக்கி அடைப்பார்கள், இந்த மேக்சி சிங்கிளில் ஒரு பக்கம் முழுக்க ஒரே பாட்டுக்கு. ஊசி ஓடுகிற கோடுகளுக்கு நடுவே இடம் தாராளமாக இருப்பதால் அடித்தொனியைக் குறைக்காமல் வெட்ட முடியும். மா ஊசியை வைத்தபோது அந்த சிந்தசைசர் பேஸ் கடையின் மர அலமாரியில் அதிர்ந்தது, அதற்கு மேலே பிரெண்டாவின் குரல் எந்தப் பிரயாசையும் இல்லாமல் மிதந்து வந்தது. கெஞ்சல் கிடையாது. கோபமும் முழுசாக இல்லை. பத்தொன்பது வயதில் இந்தத் தொனி எங்கிருந்து வந்தது என்று எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்தான். விலை 350 ராண்ட், உறை ஓரம் கிழிந்திருந்தது, ரெக்கார்டில் குறையில்லை.

இந்த வகை இசைக்கு அன்றைக்கு பபிள்கம் என்று பெயர். டிரம் மெஷின், சிந்தசைசர், திரும்பத் திரும்ப வருகிற ஒரு பல்லவி. இவோன் சாக்கா சாக்கா, சிக்கோ ட்வாலா எல்லாரும் இதே காலத்துக்காரர்கள்தான். அரசாங்க ரேடியோ ஒவ்வொரு மொழிக்கும் ஒவ்வொரு நிலையம் என்று வேலி போட்டு வைத்திருந்த நாள் அது. இந்தியர்களுக்கென்று ரேடியோ லோட்டஸ் தொடங்கியதும் 1983இல்தான். இந்தியர் குடியிருப்பான சாட்ஸ்வர்த் வீடுகளில் லோட்டஸ் பாடும், பக்கத்திலேயே இருக்கும் உம்லாசியில் ரேடியோ ஸூலு பாடும், இரண்டு ஊரையும் நிறவெறிச் சட்டம் பிரித்து வைத்திருந்தது. "வீக்கெண்ட் ஸ்பெஷல்" ஆங்கிலப் பாட்டு என்பதால் அந்த வேலியைத் தாண்டிவிட்டது. சாட்ஸ்வர்த்தில் அப்போது பள்ளியில் படித்துக்கொண்டிருந்த அக்காமார்கள் சிலரிடம் கேட்டுப் பாருங்கள், பல்லவியை இன்றைக்கும் தப்பில்லாமல் பாடுவார்கள்.

அடுத்து 1989, "டூ லேட் ஃபார் மாமா". என்னைக் கேட்டால் இந்த அலமாரியில் இதுதான் தலைமகள். பிக் டூட்ஸ் காலம் முடிந்து, சிக்கோ ட்வாலாவோடு தனியாகச் சேர்ந்து செய்த பாட்டுகளின் தொகுப்பு. தலைப்புப் பாட்டில் ஒரு தாய் முதுகில் குழந்தையைக் கட்டிக்கொண்டு வெறுங்காலோடு தண்ணீர் எடுக்கப் போகிறாள், வழியில் இடி மழை பிடித்துக்கொள்கிறது, மின்னல் தாக்கி விழுகிறாள். நடனமாட வைக்கிற தாளத்தில் இப்படி ஒரு கதையைச் சொல்ல யாருக்குத் துணிச்சல் வரும்? நாம் இருக்கிற குவாசூலு-நட்டால் கோடைக்கால மின்னலுக்குப் பேர்போன மாகாணம், கிராமப்புறத்தில் குழாய் இல்லாத வீட்டுப் பெண்கள் ஆற்றுக்குப் போய்த்தான் தண்ணீர் சுமந்தார்கள். மா இந்தப் பாட்டு ஓடும்போது வேலையை நிறுத்திவிடுவார். அவருடைய அம்மாவும் அப்படித்தான் தண்ணீர் சுமந்தாராம். பிரெண்டா கேப் டவுனில் வளர்ந்த நகரத்துப் பெண், ஆனாலும் அந்தக் கிராமத்துத் தாயின் மூச்சு வாங்கலைக் குரலில் கொண்டுவந்திருக்கிறார். எல்பி 280 ராண்ட். கட்டாயம் வாங்குங்கள்.

"பிளாக் பிரசிடென்ட்" 1990. மண்டேலாவைப் பிடித்துக்கொண்டு போனதையும் ராபன் தீவில் கல்லுடைக்க வைத்ததையும் நேரடியாகப் பாடுகிற பாட்டு. அரசு ஒலிபரப்பு நிறுவனமான எஸ்ஏபிசி இதற்குத் தடை போட்டது. மண்டேலா விடுதலையானது 1990 பிப்ரவரி 11, அதிபராகப் பதவியேற்றது 1994 மே 10. நாட்டில் கறுப்பர்களுக்கு ஓட்டே இல்லாத நாளில் அவரை மக்களின் அதிபர் என்று ஒரு பாப் பாடகி கூப்பிட்டிருக்கிறார் என்பதை, வருஷப்படி கேட்டுக்கொண்டு வந்தால்தான் உணர முடியும். போன வாரம் வரைக்கும் காதலனிடம் சண்டை போட்ட குரல் திடீரென்று சிறைக் கதவைத் தட்டுகிறது. அங்கிளிடம் இருந்த பிரதியில் இரண்டாம் பக்கத்தில் ஒரு கீறல் உண்டு, அவரே காட்டிக் கொடுத்து நாற்பது ராண்ட் குறைத்துக்கொண்டார். நேர்மையான வியாபாரம்.

தொண்ணூறுகளின் முதல் பாதிக்கு அலமாரியில் இடம் குறைவு. கேசட்தான் அதிகம், மலிவாகக் கிடைக்கும். பிரெண்டாவின் வாழ்க்கையிலும் அது கஷ்டமான காலம். 1989இல் செய்த கல்யாணம் 1991இல் முறிந்தது. கொகெய்ன் பழக்கம், ஒப்புக்கொண்ட கச்சேரிக்கு வராமல் போவது, பணம் கரைவது என்று பத்திரிகைக்குத் தீனி குறையவே இல்லை. பெண்களையும் காதலிப்பதாக வெளிப்படையாகச் சொன்னவர், அன்றைக்கு இங்கே அதைச் சொல்லிவிட்டு மேடை ஏறுவது லேசுப்பட்ட காரியமில்லை. 1995இல் ஹில்ப்ரோவில் ஒரு ஹோட்டல் அறையில் அவருடைய காதலி இறந்து கிடந்தார், பக்கத்தில் பிரெண்டா போதையில் கிடந்தார். அதன் பிறகு சிகிச்சைக்குப் போனார், மறுபடி பாட வந்தார், 1996இல் காங்கோ நாட்டுப் பாடகர் பாப்பா வெம்பாவோடு சேர்ந்து பாடியிருக்கிறார். இந்த ஜோடிப் பாட்டுகளை யாரும் பெரிதாகப் பேசுவதில்லை, நான் பேசுவேன். இரண்டு குரலும் ஒன்றையொன்று அமுக்கப் பார்க்காமல் இடம் விட்டுக்கொடுத்துப் பாடுகின்றன. அந்த சிடி 60 ராண்டுக்குக் கிடந்தது, எடுத்துக்கொண்டேன்.

பிரெண்டாவைப் பற்றி எழுதுகிற பலர் போதையிலும் சாவிலும்தான் ஆரம்பிக்கிறார்கள். அது எனக்குப் பிடிக்கவே பிடிக்காது. ஒரு மனுஷி இருபது வருஷத்துக்கு மேல் உழைத்துப் பாடியதை ஒரு ஹோட்டல் அறைக்குள் அடைத்துவிடுகிறார்கள். கடைச் சுவரில் எத்தனையோ பாடகர்களின் பேப்பர் செய்தி ஒட்டியிருக்கிறது, பிரெண்டாவுக்கு மட்டும் பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிற ஒரு மேடைப் படம். ஏன் என்று நான் கேட்டபோது மா, "அவங்க பாட்டு இங்கே இருக்கே, பேப்பர் எதுக்கு?" என்றார், ஆங்கிலத்திலும் ஸூலுவிலும் கலந்து.

மெமெசாவுக்கு வருவோம். 1998இல் தென்னாப்பிரிக்காவிலேயே அதிகம் விற்ற ஆல்பம் இது. சிகிச்சையிலிருந்து திரும்பி, இனி இவ்வளவுதான் என்று ஊரே முடிவு கட்டிவிட்ட நேரத்தில், அதே சிக்கோ ட்வாலாவோடு சேர்ந்து கொடுத்தது. இதில்தான் "வுலின்ட்லேலா" இருக்கிறது. நீங்கள் கல்யாண வீட்டில் கேட்டது அநேகமாக இதுவாகத்தான் இருக்கும். மகனுக்கு இன்றைக்குக் கல்யாணம், வம்பு பேசுகிற பெண்ணே, வழியை விடு என்று ஒரு தாய் பாடுகிறாள். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியாது என்பார்கள் நம்மூரில். இந்தத் தாய் மூடச் சொல்லவே இல்லை, விலகி நில் என்கிறாள், நான் ஆடிக்கொண்டு போகப்போகிறேன் என்கிறாள். ஊர் வாயில் பதினைந்து வருஷம் அரைபட்ட ஒரு பெண் இதைப் பாடுகிறாள் என்று தெரிந்து கேட்டுப் பாருங்கள். முதல் "ஹே" என்ற கூவலிலேயே எனக்குப் புல்லரித்துவிடும்.

சாட்ஸ்வர்த்தில் ஒரு தமிழ்க் கல்யாணத்துக்குப் போயிருந்தேன். நாதஸ்வரம், தாலி கட்டு, பிரியாணி எல்லாம் முறைப்படி ஆனது. சாயங்கால வரவேற்பில் தமிழ்ச் சினிமாப் பாட்டு ஓடிக்கொண்டிருந்தபோது டிஜே இதைப் போட்டார். பட்டுச் சேலையோடு மாப்பிள்ளையின் அம்மா எழுந்தார், சமையலுக்கு வந்திருந்த ஸூலு அம்மாக்கள் இரண்டு பேர் கை தட்டிக்கொண்டு உள்ளே வந்துவிட்டார்கள், மூன்று பேரும் ஒரே அடி வைத்து ஆடினார்கள். வார்த்தை தெரியாதவர்கள்கூட அந்த அம்மா எதற்காக ஆடுகிறார் என்று புரிந்துகொண்டார்கள்.

மெமெசா சிடி எடுப்பதா கேசட் எடுப்பதா என்றால் சிடிதான். இந்தக் கடையில் கேசட் வாங்குவதில் கொஞ்சம் ஜாக்கிரதை வேண்டும். டர்பன் கடற்கரை ஊர், ஈரக்காற்று, கேசட் டேப்பில் வெள்ளை வெள்ளையாகப் பூஞ்சை பிடித்துக்கொள்ளும். வாங்குவதற்கு முன்னால் கேசட்டின் ஜன்னல் வழியாகச் சுருளின் ஓரத்தைப் பாருங்கள், மாவு தூவின மாதிரி தெரிந்தால் எடுக்காதீர்கள், அதைப் போட்டால் உங்கள் பிளேயரின் ஹெட்டும் கெடும், அடுத்துப் போடுகிற நல்ல கேசட்டுக்கும் ஒட்டிக்கொள்ளும். டேப்புக்குப் பின்னால் இருக்கிற சின்னப் பஞ்சுத் துண்டு விழுந்திருக்கிறதா என்றும் பாருங்கள், அது இல்லாவிட்டால் சத்தம் மங்கிப்போகும். மாவிடம் கேட்டால் பஞ்சு மாற்றிக் கொடுப்பார், இருபது ராண்ட். ரெக்கார்டு என்றால் விளக்குக்கு நேரே சாய்த்துப் பிடித்துப் பாருங்கள், மேலோட்டமான முடிக்கீறல் பரவாயில்லை, நகத்தில் தட்டுப்படுகிற கீறல் கூடாது. கண் மட்டத்தில் வைத்து வளைந்திருக்கிறதா என்றும் பார்க்க வேண்டும். இங்கே வெயிலில் காரில் அரை மணி நேரம் விட்டாலே எல்பி வளைந்துவிடும், வாங்கினால் நேராக வீட்டுக்குப் போங்கள்.

இதை ஏன் இவ்வளவு சொல்கிறேன் என்றால், இதற்கு முன்னால் இணையத்தில் விற்கிற ஒருவரிடம் "டூ லேட் ஃபார் மாமா" எல்பி வாங்கினேன். படத்தில் பளபளவென்று இருந்தது, வந்து சேர்ந்தது தோசைக்கல்லில் எழும்பின அப்பளம் மாதிரி. திருப்பி எடுத்துக்கொள்ள மறுத்துவிட்டார். கிரே ஸ்ட்ரீட் கடையிலும் திருப்பிக் கொடுக்கிற வழக்கம் இல்லை, ஆனால் முழுசாகப் போட்டுக் கேட்டுவிட்டு வாங்கலாம் என்பதால் அது எனக்குக் குறையாகப் படவில்லை.

அலமாரியின் கடைசித் தட்டில் 1999க்கு அப்புறம் வந்த சிடிகள். விற்பனை நன்றாக இருந்த காலம்தான், 2001இல் டைம் பத்திரிகை அவரை டவுன்ஷிப்புகளின், அதாவது கறுப்பர் குடியிருப்புகளின், மடோனா என்று எழுதியது. இங்கே ஜனங்களுக்கு அந்தப் பட்டமெல்லாம் தேவைப்படவில்லை, அவர்கள் வைத்த செல்லப் பெயர் மாபிர்ர், அவர்களுக்கு அவர் அதுதான். கடைசி ஆல்பங்களில் எனக்கு எல்லாமே பிடிக்கும் என்று சொல்ல மாட்டேன், சிலவற்றில் மெமெசாவின் அச்சையே திரும்ப வைத்து அடித்திருக்கிறார்கள். 2004 ஏப்ரல் 26 அன்று வீட்டில் மயங்கி விழுந்தார். ஆஸ்துமா என்றுதான் முதலில் சொன்னார்கள், கொகெய்ன் என்பது பிறகு தெரிந்தது. மண்டேலாவும் அவருடைய முன்னாள் மனைவி வின்னியும் அன்றைய அதிபர் தாபோ எம்பெக்கியும் ஆஸ்பத்திரிக்குப் போய்ப் பார்த்தார்கள். நினைவு திரும்பாமலேயே மே 9ஆம் தேதி போய்விட்டார், வயது 39. லாங்காவிலேயே அடக்கம் செய்தார்கள். ஜொஹானஸ்பர்க் போகிறவர்கள் நியூடவுனில் அவருக்கு வைத்திருக்கும் வெண்கலச் சிலையைப் பார்த்துவிட்டு வாருங்கள்.

சரி, குறைகள். தமிழ் ரெக்கார்டுகளின் நிலைமை மனசுக்கு வேதனையாக இருக்கிறது. பழைய தமிழ்ச் சினிமா ரெக்கார்டுகள், பக்திப் பாட்டு, எழுபதுகளில் கப்பலில் வந்த எல்பிகள் எல்லாம் தரையில் பழ அட்டைப்பெட்டிகளில் குப்புறக் கிடக்கின்றன. உறை ஒரு இடம், ரெக்கார்டு ஒரு இடம். ஒரு காலத்தில் இந்தத் தெருக்காரர்களும் தோட்டக்காட்டு ஜனங்களும் சம்பளத்தில் மிச்சம் பிடித்து வாங்கினவை அவை. பேரப்பிள்ளைகளுக்குத் தமிழ் படிக்கத் தெரியாததால் உறையில் என்ன எழுதியிருக்கிறது என்றே தெரியாமல் கொண்டுவந்து போட்டுவிட்டுப் போகிறார்கள். பிரெண்டாவுக்கு மா கொடுத்த கவனத்தில் கால்வாசி இதற்குக் கொடுத்தால் போதும். அங்கிளிடம் நேரடியாகவே சொன்னேன். "படிக்கத் தெரிஞ்சவங்க வந்து அடுக்கிக் குடுங்க தம்பி, நான் வேணாம்னா சொல்றேன்?" என்றார். நியாயம்தான், தமிழ் வாசிக்கத் தெரிந்த நாலு பேர் ஒரு சனிக்கிழமை சேர்ந்தால் வருஷப்படி, படப்படி அடுக்கிவிடலாம். நான் வரத் தயார், கூட வருகிறவர்கள் சொல்லுங்கள்.

மற்றபடி கார்டு வாங்க மாட்டார்கள், ரொக்கம் கொண்டு போங்கள். விலைச்சீட்டு பாதிக்கு மேல் இல்லை, கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும், ஆனால் ஆளைப் பார்த்து விலை சொல்கிற பழக்கம் கிடையாது. வெளிச்சம் போதாது, போன் விளக்கு உதவும். மின்சாரம் நின்றால் டர்ன்டேபிளும் நின்றுவிடும், அன்றைக்குப் போனால் கேட்க முடியாது. கார் நிறுத்துவது பெரும்பாடு, விக்டோரியா ஸ்ட்ரீட் மார்க்கெட் பக்கம் விட்டுவிட்டு நடந்து வருவது உத்தமம், அப்படியே மசாலாவும் வாங்கிக்கொள்ளலாம்.

கையில் 300 ராண்ட்தான் இருக்கிறதென்றால் "டூ லேட் ஃபார் மாமா" எல்பியை எடுங்கள். வீட்டில் டர்ன்டேபிள் இல்லையென்றால் மெமெசா சிடி, 120 ராண்ட். இரண்டுக்கும் பணம் இருந்தால் இரண்டையும் எடுத்து, எல்பியை முதலில் கேளுங்கள். கடை சனிக்கிழமை மதியம் இரண்டு மணிக்கு அடைத்துவிடுவார்கள், ஞாயிறு லீவு. மா வியாழக்கிழமைகளில் வருவதில்லை, அன்றைக்குப் போனால் அங்கிள் அந்த அலமாரியைத் தொட விடமாட்டார்.